ஹயசே வீட்டு வாசலில் மூங்கில்

தென்போ ஏழாம் ஆண்டு

எட்டாம் மாதம், நான்காம் நாள்

காலையில் வாசல் கதவில் மூங்கில் அறைந்தார்கள். இரண்டு பச்சைக் கழிகள், ஒன்றின்மேல் ஒன்று குறுக்காக. ஆணையைப் படித்த அதிகாரி போன புத்தாண்டுக்கு எங்கள் வீட்டில் விருந்து சாப்பிட்டவர். தாளைவிட்டுக் கண்ணை எடுக்கவில்லை. என் கணவர் ஹயசே குன்பேய் வீட்டைவிட்டு வெளியேறக் கூடாது. தலையோ தாடியோ மழிக்கக் கூடாது. தெருப்பக்கத்துச் சன்னல்கள் அடைத்தே இருக்க வேண்டும். எடோ நகரத்தில் இருக்கும் பிரபுவின் தீர்ப்பு வந்து சேரும்வரை இப்படித்தான்.

ஆணி அடிக்கும்போது தெருவில் யாரோ சிரித்தார்கள். சின்னப் பிள்ளையாக இருக்கும்.

மத்தியானம் கஞ்சி, முள்ளங்கி ஊறுகாய்.

ஐந்தாம் நாள்

வீட்டு விவரங்களை எழுதிவைப்பது கல்யாணமான நாளிலிருந்து என் வழக்கம். இதையும் எழுதித்தான் ஆக வேண்டும்.

இந்த வருடம் மழை விடவே இல்லை. பயிர் அழுகிவிட்டது. போன மாதக் கடைசியில் மேல்கரைக் கிராமத்து விவசாயிகள் பிரபுவின் நெல் கிடங்குக்குத் திரண்டு வந்தார்கள். அன்று கிடங்கு வாசல் காவல் என் கணவருடைய பொறுப்பு. அவருக்குக் கீழே ஆறு பேர். கூட்டம் பாலத்தைத் தாண்டியதும் இவர் வாசலை விட்டுப் போய்விட்டார். தலைவர் போனதைப் பார்த்து ஐந்து பேர் கலைந்தார்கள். யசோகிச்சி என்ற காலாள் மட்டும் ஈட்டியோடு நின்றான். கூட்டத்தில் மிதிபட்டுச் செத்தான். நெல் மொத்தமும் போயிற்று. மறுநாள் காலையில் இவர் ஆற்று நாணலுக்குள்ளிருந்து எழுந்து, இடுப்புவரை சேற்றோடு வீட்டுக்கு நடந்து வந்தார்.

ஏதாவது காரணம் இருக்கும் என்று இத்தனை நாள் நினைத்துக்கொண்டிருந்தேன். ஆள் கூட்டிவரப் போயிருப்பார், இல்லை கோட்டைக்குச் செய்தி சொல்லப் போயிருப்பார். இன்று கேட்டேன்.

"பயமா இருந்துச்சு, தோசே" என்றார்.

"அது எல்லாருக்கும்தான் இருக்கும்."

"யசோகிச்சிக்கும் இருந்திருக்கும். அவன் நின்னான். நான் ஓடிட்டேன். வேற ஒண்ணும் இல்ல."

வேறு ஏதாவது சொல்லியிருக்கலாம். பொய்யாவது சொல்லியிருக்கலாம்.

எட்டாம் நாள்

மகன் சுகேதரோ அப்பாவோடு உட்கார்ந்து சாப்பிட மாட்டேன் என்கிறான். பதினாறு வயது. இந்த வசந்தத்தில்தான் முன்தலை மழித்து, பெரியவனாகி, இரண்டு வாள் கட்டிக்கொண்டான். இப்போது பள்ளிக்கும் போக முடியாது. கொல்லைப்பக்கத்து அறையில் தனியாகப் பாடத்தை உரக்கப் படித்துக்கொண்டிருக்கிறான். வேண்டுமென்றே உரக்கப் படிக்கிறான். தைரியத்தைப் பற்றிய பாடம்.

அவர் தட்டை இங்கும் அவன் தட்டை அங்கும் வைத்துவிட்டு நான் அடுப்படியில் சாப்பிட்டேன்.

பதினொன்றாம் நாள்

விளக்கு வைக்கிற நேரத்தில் என் அண்ணன் ஓரிபே பக்கவாட்டுச் சிறுகதவு வழியாக வந்தார். கோட்டையில் அனுமதி வாங்கித்தான் வந்திருக்கிறார். என் கணவரைப் பார்க்க விரும்பவில்லை. செருப்பைக்கூடக் கழற்றாமல் அடுப்படிப் படியில் உட்கார்ந்தார்.

"தோசே, எடோவிலிருந்து தீர்ப்பு வர இன்னும் ஒரு மாசத்துக்கு மேல ஆகும். அதுக்குள்ள அவரே முடிச்சுக்கிட்டா, நாங்க நோயில செத்ததா எழுதி அனுப்பிடுவோம். சொந்தக்காரங்க எல்லாரும் பேசிட்டோம். மேலதிகாரிகளும் கண்டுக்க மாட்டாங்க. மானியம் பாதியாகும். ஆனா பேர் நிக்கும். சுகேதரோ ஹயசே வீட்டுத் தலைவனா இருப்பான்."

"தீர்ப்பு முதல்ல வந்துட்டா?"

"அப்புறம் ஹயசேன்னு ஒரு வீடே இருக்காது." கொஞ்ச நேரம் அடுப்பைப் பார்த்தார். "அவருக்கே தெரியும். அவர் ஏன் இன்னும் உயிரோட இருக்கார்னுதான் ஊரே கேக்குது. நீ எடுத்துச் சொல்லு. சாமுராய் வீட்டுல பொறந்தவ நீ."

சரி என்றேன். என் அம்மா எனக்குச் சொல்லிக்கொடுத்ததும் அதுதான். அண்ணன் போன பிறகு முகம் கழுவிக்கொண்டேன். கணவன் இருக்கிறான் என்று வெட்கப்படும்படி ஆகிவிட்டது.

பன்னிரண்டாம் நாள்

சொல்லிவிட்டேன். அவர் தலையாட்டினார். "ஓரிபே சொல்றது சரிதான்" என்றார். பிறகு கொல்லைக்குப் போய் மண்ணைக் கொத்த ஆரம்பித்தார். இந்தப் பருவத்தில் முள்ளங்கி விதைத்தால் பனிக்கு முன்னால் எடுத்துவிடலாமாம். அதை யார் சாப்பிடப் போகிறார்கள் என்று நான் கேட்கவில்லை.

பதினான்காம் நாள்

அவருடைய குறுவாளை உருவிப் பார்த்தேன். நுனிக்கு அருகே துரு. நாணலுக்குள் கிடந்த ஈரம். அந்தக் காரியத்துக்கு இப்படிப்பட்ட வாளைக் கொடுத்தால் ஹயசே வீட்டுப் பெண்பிள்ளையைத்தான் குறை சொல்வார்கள். வேலைக்காரி ஓகுமாவிடம் கொடுத்துக் கோயில் தெருவில் சாணை பிடிப்பவரிடம் அனுப்பினேன்.

"எப்ப வேணும்னு கேட்டா என்னம்மா சொல்லட்டும்?" என்றாள்.

அவசரமில்லை என்று சொல்லச் சொன்னேன். அவசரப்படுத்தினால் வேலை சுத்தமாக இருக்காது.

பதினேழாம் நாள்

அண்ணி வெள்ளைத் துணி கொடுத்தனுப்பியிருக்கிறாள். ஒரு அங்கிக்கு அளந்து அனுப்பிய துணி. எதற்கென்று சொல்லியனுப்பவில்லை. சொல்ல வேண்டியதும் இல்லை.

இருபதாம் நாள்

வெள்ளைத் துணியை வெட்டினேன். தோளுக்குக் குறைந்துவிட்டது. சின்ன வயதிலிருந்து தைக்கிறவள், அவர் தோள் அளவு கை நினைவில் இருக்கிறவள், எப்படிக் குறைத்து வெட்டினேன் என்று தெரியவில்லை. இன்னொரு துணி கேட்டு அனுப்ப வேண்டும். கேட்கவே கூச்சமாக இருக்கிறது. அடுத்த வாரம் கேட்கலாம்.

இருபத்து மூன்றாம் நாள்

முள்ளங்கி முளைவிட்டிருக்கிறது. அவர் என்னைக் கூப்பிட்டுக் காட்டினார். தாடி வளர்ந்து, முன்தலையில் முள்முள்ளாக முடி முளைத்து, பிச்சைக்காரர் போல இருக்கிறார். குனிந்து பார்க்கும்போது ஒரு தவளை அவர் கழுத்தில் குதித்தது. அவர் துள்ளிய துள்ளலில் நான் சிரித்துவிட்டேன். சத்தம் வந்துவிட்டது.

கல்யாணமாகி இத்தனை வருடத்தில் அவர் பகல்பொழுது வீட்டில் இருந்ததே இல்லை. காவல், கோட்டை, எடோ பயணம். இப்படிப் பக்கத்தில் நின்று ஒரு செடியைப் பார்த்ததில்லை.

திரும்பினால் சுகேதரோ தாழ்வாரத்தில் நிற்கிறான். நான் சிரித்ததைப் பார்த்துவிட்டான்.

இருபத்து நான்காம் நாள்

யசோகிச்சியின் அம்மா தெருவில் வந்து நின்றதாக ஓகுமா சொன்னாள். கத்தவில்லையாம். மூங்கிலை ஒரு கையால் தொட்டுப் பார்த்துவிட்டுப் போனாளாம்.

நேற்று நான் சிரித்தது தெருவரை கேட்டிருக்குமா?

ஒன்பதாம் மாதம், இரண்டாம் நாள்

அவர் கேட்டார்: "என் குறுவாள் எங்க?"

"சாணைக்குப் போயிருக்கு."

"எப்போ வரும்?"

"சொல்லியனுப்பணும்."

என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். நான் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தேன். "சரி" என்று சொல்லிவிட்டுக் களை பறிக்கப் போனார்.

ஆறாம் நாள்

காலையில் சுகேதரோ கஞ்சித் தட்டோடு அப்பா எதிரில் வந்து உட்கார்ந்தான். மனம் இறங்கிவிட்டது என்று நினைத்து நான் ஊறுகாய் எடுக்கப் போனேன். திரும்பி வந்தபோது அவன் தன் குறுவாளை இடுப்பிலிருந்து எடுத்து, இரண்டு கையாலும் ஏந்தி, அப்பாவின் முழங்காலுக்கு முன்னால் வைத்துக்கொண்டிருந்தான். நெற்றி பாயில் பட வணங்கியிருந்தான்.

"உங்க வாள் சாணையில இருக்குன்னு அம்மா சொன்னாங்க. இது புதுசு. துரு இல்ல."

அவன் குரல் நடுங்கியது. சின்னக் குழந்தையாக இருந்தபோது காய்ச்சலில் இப்படித்தான் பேசுவான்.

அவர் தன் கஞ்சித் தட்டைத் தள்ளிவைத்தார். பிறகு, "நீ வளர்ந்துட்டே" என்றார். வாளை எடுத்துக்கொண்டு உள்ளறைக்குப் போனார். கதவைச் சாத்திக்கொண்டார். சுகேதரோ கதவுக்கு வெளியே முழங்காலிட்டு உட்கார்ந்தான்.

நான் கஞ்சித் தட்டுகளை எடுத்துவைத்தேன்.

ஏழாம் நாள்

மழை. ஒன்றும் நடக்கவில்லை.

பத்தாம் நாள்

எழுத்து கோணலாக இருக்கிறது. வலது கையில் கட்டு. முள்ளங்கி நறுக்கும்போது கத்தி பட்டுவிட்டது. சமையல் ஓகுமாதான் செய்கிறாள். உப்பு அதிகம்.

பதிமூன்றாம் நாள்

அண்ணன் வந்தார். தீர்ப்பு எடோவிலிருந்து கிளம்பிவிட்டதாகச் சேதி. இந்த முறை செருப்பைக் கழற்றி உள்ளே வந்தார். சுகேதரோவும் உட்கார்ந்திருந்தான்.

"நீ சொன்னியா இல்லியா அவர்கிட்ட?"

"சொன்னேன் அண்ணா."

"அப்புறம் என்ன? பயமா இன்னும்?" என்றார். அப்போதுதான் என் கையைப் பார்த்தார். "அது என்ன கட்டு?"

"முள்ளங்கி நறுக்கும்போது பட்டுடுச்சு."

"அவிழ்த்துக் காட்டு."

அவிழ்க்க மாட்டேன் என்றேன். அண்ணன் என் மணிக்கட்டைப் பிடித்து அவரே அவிழ்த்தார். நாலு விரலின் உள்பக்கமும் ஒரே கோடாக வெட்டு. உள்ளங்கையில் ஒன்று. அண்ணன் வாள் பழகியவர். அவருக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை.

சுகேதரோ தரையைப் பார்த்தபடி பேசினான்.

"மாமா, இனிமே அப்பாவைப் பயந்தவர்னு சொல்லாதீங்க. அப்பா வாளை உருவிட்டார். துணியை அவிழ்த்துட்டு உட்கார்ந்துட்டார். கதவு இடுக்குல நான் பார்த்தேன். அம்மாதான் கொல்லைப்பக்கக் கதவால உள்ள போய் வாளைக் கையால பிடிச்சுட்டாங்க. அப்பா விடச் சொன்னார். விடவே இல்ல. ரத்தம் பாயெல்லாம் ஓடுச்சு. அப்புறம் அப்பாதான் கையை எடுத்தார்."

அண்ணன் என் கையை மெதுவாகக் கீழே வைத்தார். யாரோ தெரியாதவர் கையைத் தொட்டுவிட்டது போல வைத்தார்.

"நம்ம அம்மா இருந்திருந்தா உன் முகத்துல முழிச்சிருக்க மாட்டா" என்றார்.

நான் கட்டை மறுபடி சுற்றிக்கொண்டேன். முள்ளங்கி நறுக்கும்போதுதான் பட்டது.

பதினான்காம் நாள்

சுகேதரோ இன்று அப்பாவோடு உட்கார்ந்து சாப்பிட்டான். இவ்வளவு நாளாக நான் வேண்டிக்கொண்டது அதுதான். தட்டை வைக்க நான் போனபோது இருவரும் பேச்சை நிறுத்தினார்கள். மகன் என் கையிலிருந்து கிண்ணத்தை வாங்கவில்லை. கீழே வைக்கும்வரை காத்திருந்து எடுத்துக்கொண்டான்.

பத்தொன்பதாம் நாள்

கோயில் தெருவிலிருந்து குறுவாள் வந்துவிட்டது. சாணை பிடிப்பவரே ஆளிடம் கொடுத்தனுப்பியிருக்கிறார். கண்ணாடி மாதிரி இருக்கிறது. என் கணவரிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன். கொடுத்துவிட்டு அங்கேயே உட்கார்ந்தேன். அவர் வாங்கி, உறையோடு அலமாரியில் வைத்தார்.

"இனிமே முடியாது, தோசே. அன்னிக்கு ஒரு தடவைதான் அந்தத் துணிவு வந்துச்சு. தேடிப் பார்த்தேன். இல்ல."

"என் மேல கோவமா?"

"உன் கை எரியுதா?"

"இல்ல."

"அப்போ தூங்கு. கண்ணெல்லாம் சிவந்திருக்கு. இத்தனை நாளா நீ படுக்கவே இல்ல, எனக்குத் தெரியும்."

பகலில் படுப்பது எனக்கு வழக்கமில்லை. ஆனால் படுத்தேன். மாலைவரை தூங்கினேன். வீடு விழுந்துகொண்டிருக்கும்போது ஒரு பெண்பிள்ளை இப்படித் தூங்குவாளா?

இருபத்தைந்தாம் நாள்

தீர்ப்பு.

மூங்கிலைப் பிரித்துக்கொண்டு உள்ளே வந்து படித்தார்கள். ஹயசே என்ற பெயர் பிரபுவின் பணியாளர் வரிசையிலிருந்து நீக்கப்படுகிறது. மானியமும் வீடும் திரும்ப எடுக்கப்படுகின்றன. குன்பேயும் மனைவியும் நாட்டு எல்லையைத் தாண்ட வேண்டும். மகன் இளையவன் என்பதால், தாய்மாமன் கேட்டுக்கொண்டபடி, அவர் வீட்டுக்குத் தத்துப் போகலாம்.

அதிகாரி படித்து முடித்ததும் என் கணவர் நெற்றி தரையில் பட வணங்கி, "யசோகிச்சியின் தாயாருக்கு ஏதாவது செஞ்சாங்களா?" என்று கேட்டார். அதிகாரி தாளைச் சுருட்டினார். குற்றவாளி கேள்வி கேட்பது வழக்கமில்லை.

இருபத்தெட்டாம் நாள்

சுகேதரோ அண்ணன் வீட்டுக்குப் போனான். அவனுடைய துணிகளை மடித்துக் கட்டிக்கொடுத்தேன். குளிர்கால அங்கிக்குள் பஞ்சு வைத்துத் தைக்க ஆரம்பித்திருந்தேன், இடது கையால் முடிக்க முடியவில்லை. அங்கியின் ஒரு கைப்பகுதி மட்டும் பஞ்சு இல்லாமல் இருக்கிறது. அண்ணி பார்த்துக்கொள்வாள்.

மகன் அப்பா முன்னால் வணங்கி வெகுநேரம் எழவில்லை. அவர்தான் தோளைத் தொட்டு எழுப்பினார். என் முன்னாலும் வணங்கினான். முறைப்படி, கை வைக்க வேண்டிய இடத்தில் கை வைத்து, குனிய வேண்டிய அளவு குனிந்து வணங்கினான். நான்தான் அவனுக்கு அதைச் சொல்லிக்கொடுத்தேன். ஒரு குறை சொல்ல முடியாது.

"உடம்பைப் பார்த்துக்கோ" என்றேன்.

"சரிங்க" என்றான். அம்மா என்று சொல்லவில்லை.

பத்தாம் மாதம், முதல் நாள்

வீட்டை ஒப்படைக்க வேண்டும். பாய்களை வெயிலில் தட்டினேன். உள்ளறைப் பாய் ஒன்றில் கறை போகவில்லை. அதைத் திருப்பிப் போட்டேன். அடுத்து வருகிறவர்கள் என்ன நினைப்பார்கள்?

அவர் முள்ளங்கியைப் பிடுங்கினார். இன்னும் சுண்டுவிரல் பருமன்கூட இல்லை. இலையோடு ஓகுமாவுக்குக் கொடுத்தோம். வாங்கிக்கொண்டு அழுதாள். தன் இரண்டு வாள்களையும் அண்ணன் வீட்டுக்கு, சுகேதரோவிடம் சேர்க்கச் சொல்லி, அவள் கையிலேயே அனுப்பினார்.

இரண்டாம் நாள்

கிளம்பினோம். தெருவில் எல்லாச் சன்னல்களும் சாத்தியிருந்தன. மரியாதைக்காகச் சாத்தினார்களா, எங்களைப் பார்க்கப் பிடிக்காமலா என்று தெரியவில்லை.

பாலத்துக்குப் பக்கத்தில் யசோகிச்சியின் அம்மா துணி துவைத்துக்கொண்டிருந்தாள். அவர் மூட்டையை இறக்கிவைத்து, சேற்றில் முழங்காலிட்டு வணங்கினார். அவள் நிமிர்ந்து பார்த்தாள். பிறகு துவைத்த துணியைப் பிழிந்தாள். நான் அவருக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தேன். என் கணவன் என் பக்கத்தில் உயிரோடு இருக்கிறான் என்பது அந்த ஒரு கணத்தில் எனக்குத் தாங்க முடியாததாக இருந்தது. ஆனாலும் அவர் எழுந்தபோது மூட்டையைத் தூக்கிவிட்டேன்.

தென்போ எட்டாம் ஆண்டு

முதல் மாதம், இருபதாம் நாள்

ரொம்ப நாளாக எழுதவில்லை. மை வாங்கவில்லை.

பெருவழியில் உள்ள ஒரு சத்திர ஊரில் இருக்கிறோம். வேறொரு பிரபுவின் நாடு. அவர் குதிரைச் சுமை ஏற்றி இறக்கும் வேலை செய்கிறார். இங்கே அவர் பெயர் வெறும் குன்பேய்தான். குடும்பப் பெயர் சாதாரண ஜனங்களுக்குக் கிடையாது. நான் சத்திரத்தில் படுக்கைத் துணி துவைக்கிறேன். விரல்கள் முழுதாக மடங்குவதில்லை. பிழிவதற்குச் சிரமம்.

கிணற்றடியில் ஒருத்தி, "உங்க பேச்சு கோட்டைப் பேச்சு மாதிரி இருக்கே, பெரிய இடமா?" என்று கேட்டாள். கோட்டையில் வேலைக்காரியாக இருந்தேன் என்று சொன்னேன். நன்றாகத்தான் சொன்னேன், நம்பிவிட்டாள்.

மூன்றாம் மாதம், ஒன்பதாம் நாள்

அவர் சாயங்காலம் வீட்டுக்கு வரும்போது முனகலாகப் பாடிக்கொண்டு வருகிறார். சுமை தூக்குகிறவர்களின் பாட்டு. கோட்டையில் இருந்தபோது அவர் பாடிக் கேட்டதில்லை. பக்கத்து வீட்டார் காதில் விழும் என்று சொல்லி நிறுத்தச் சொன்னேன். நிறுத்தினார். பிறகு எனக்கே என்னவோ போல் இருந்தது.

நான்காம் மாதம், பதினாறாம் நாள்

எங்கள் பழைய பிரபு எடோவிலிருந்து ஊர் திரும்புகிறார். நாளை இந்த வழியாகப் பரிவாரம் போகிறது. அழைத்து வருவதற்காகக் கோட்டையிலிருந்து போன இளைஞர்களில் ஓரிபே வீட்டுப் பிள்ளையும் இருப்பதாகச் சத்திரத்துக்கு வந்த முன்னோடி ஆள் பெயர்களைச் சொல்லும்போது காதில் விழுந்தது. கையில் இருந்த துணியை வைத்துவிட்டுக் கேட்டேன். பிறகு எடுத்துத் துவைத்தேன்.

அவரிடம் சொன்னேன். "ரெண்டு பேரும் போவோம்" என்றார்.

"நம்ம முகத்தை அவன் பார்த்தா அவனுக்குத்தான் அவமானம்."

"தலைய தரையில வெச்சுத்தானே உட்காரணும். முகம் எங்க தெரியப்போகுது?"

பதினேழாம் நாள்

ஊர்ஜனத்தோடு சாலையோரம் மண்டியிட்டோம். முன்னால் போகிறவன் "குனியுங்கள், குனியுங்கள்" என்று கூவிக்கொண்டு போனான். நெற்றியை மண்ணில் வைத்தேன். வைக்கோல் செருப்புகள் போய்க்கொண்டே இருந்தன. எல்லாம் ஒரே மாதிரிச் செருப்பு, ஒரே மாதிரி நடை. இதில் என் மகனுடைய கால் எது என்று எனக்குத் தெரியவில்லை. பெற்றவளுக்குத் தெரிய வேண்டாமா என்று நினைத்துக்கொண்டே மண்ணைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

பரிவாரம் கடந்து போன பிறகும் எல்லாரும் எழும்வரை நான் எழவில்லை. வீட்டுக்கு வந்ததும் அவர் தண்ணீர் குடித்துவிட்டுச் சொன்னார்:

"உசந்துட்டான். ஓரிபேயைவிட உசரம்."

எனக்குப் புரியவில்லை. "எப்படித் தெரியும்?"

"தலைய தூக்கிப் பார்த்தேன்."

பரிவாரம் போகும்போது தலை நிமிர்ந்தால் அந்த இடத்திலேயே வெட்டிப்போட அவர்களுக்கு உரிமை உண்டு. உட்கார்ந்துவிட்டேன்.

"யாராவது பார்த்தாங்களா?"

"அவன் பார்த்தான். காவலாள் ஒருத்தனும் பார்த்தான்னு நினைக்கிறேன், பேசாம போயிட்டான்."

"என்ன பண்ணினான்? சுகேதரோ?"

"முகத்தை நேரா வெச்சே நடந்தான். அப்படித்தான் நடக்கணும். என்னைத் தாண்டுறப்ப மட்டும் ஒரு அடி மெதுவா வெச்சான்." குவளையைக் கவிழ்த்து வைத்தார். "என்னைப் பார்த்ததும் அவன் கண்ணு உன் பக்கம் வந்துச்சு, தோசே. நீ நிமிரலை. உன் தலைமுடியைப் பார்த்துக்கிட்டே போனான்."

அவர் வேலைக்குக் கிளம்பிவிட்டார். நான் அதே இடத்தில் உட்கார்ந்திருக்கிறேன். சத்திரத்தில் துவைக்காத துணி குவிந்திருக்கும்.

காலையில் அவசரத்தில் நான் தலைகூட வாரிக்கொள்ளவில்லை.